காலைக்காட்சியில் மாமனார்

கம்பத்தில் நான் ஆபரேட்டராக இருந்த தியேட்டரில் மலையாளப் படம் காலைக்காட்சிக்கு மட்டும்தான். மதியம் தமிழ்ப் படம் வந்துவிடும், குடும்பங்கள் வரும். காலையில் வருகிற கூட்டம் வேறு. எஸ்டேட்டில் ஆள் இறக்கிவிட்டுத் திரும்பிய ஜீப் டிரைவர்கள், திராட்சை லோடுக்குக் காத்திருப்பவர்கள், வீட்டில் ஏதோ வேலை என்று சொல்லிவிட்டு வந்த கடைக்காரர்கள். தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு வந்து உட்காருவார்கள். எண்பதுகளின் தொடக்கம் அது. மலையேறினால் கேரளத்துக் குமுளி. அங்கே அதே படத்தைப் பிள்ளைகுட்டிகளோடு பார்த்து மூக்கைச் சிந்தினார்கள். இங்கே எங்கள் மேனேஜர் அதற்குப் புதுப் பெயர் வைப்பார். படத்தில் எங்காவது ஒரு பெண் குளித்தால் அதுதான் போஸ்டர். யாருமே குளிக்காத படத்துக்கும் போஸ்டரில் குளிப்பார்கள்.

என் வேலை, மெதுவாகப் போகிற இடங்களை வெட்டிவிட்டு, எங்கிருந்தோ வரும் குளியல் காட்சித் துண்டுப் படத்தை நடுவில் ஒட்டுவது. வெட்டியதைச் சுருட்டி ஆணியில் மாட்டிவைப்பேன். படப் பெட்டி கம்பெனிக்குத் திரும்பிப் போவதற்குள் அதைப் பழையபடி சேர்த்துவிட வேண்டும். மழை, மூடுபனி, வயதானவர்கள் பேசாமல் நடந்துபோவது, இதெல்லாம் ஆணிக்குத்தான் போகும். மலையாளப் படத்தில் பாதி அதுதான். அதற்காக நான் வருத்தப்பட்டதில்லை.

என் மனைவி வண்டிப்பெரியாறு பக்கம் ஒரு தேயிலை எஸ்டேட்டில் பிறந்த மலையாளி. எங்கள் பேச்சையே பேசப் பழகிவிட்டாலும் அப்பாவை மட்டும் அச்சன் என்றுதான் சொல்வாள். கல்யாணத்துக்கு அவர் சம்மதிக்கவில்லை. ஒருநாள் ஜீப்பில் ஏறி என்னோடு இறங்கி வந்தவள்தான், பிறகு எட்டு வருஷம் அப்பாவும் மகளும் முகம் பார்க்கவில்லை. நான் அவரை ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. அவர் இறந்த செய்தி, அடக்கம் முடிந்து மூன்றாம் நாள் வந்தது. எங்கள் வீட்டில் அவருடைய போட்டோ ஒன்றுகூட இல்லை.

சில மாதம் கழித்து அவளுடைய சித்தி கம்பம் சந்தைக்கு வந்தபோது ஒரு விஷயம் சொன்னார். சினிமாக்காரர்கள் எஸ்டேட்டுக்கு வந்து படம் பிடித்தபோது, தேயிலைக் கொழுந்து நிறுக்கும் இடத்தில் மாமனாரை நிற்க வைத்தார்களாம். முதலில் முதுகு தெரியுமாம், பிறகு திரும்பி நேராகப் பார்ப்பாராம். படத்தின் பெயரையும் சொல்லிவிட்டுப் போனார்.

"அந்தப் படம் வந்தா மறக்காமச் சொல்லுங்க" என்றாள் மனைவி. சரி என்றேன்.

படம் வந்தது. எனக்குத் தெரியவில்லை. மலையாளம் பேசுவேன், படிக்கத் தெரியாது. போஸ்டரில் இருந்ததோ மேனேஜர் வைத்த பெயர். முதல் நாள் காலையில் ஒரு தடவை ஓட்டிப் பார்த்து, வழக்கம்போல வெட்டி மாட்டினேன். ஒரு வாரம் ஓட்டுவதாக ஏற்பாடு. ஆறாம் நாள் சாப்பாட்டுத் தூக்கை வீட்டிலேயே மறந்துவிட்டேன். அதைக் கொடுக்க மெஷின் கேபினுக்கு வந்தவள், தரையில் கிடந்த பெட்டி மூடியைப் பார்த்து எழுத்துக்கூட்டிப் படித்தாள்.

"இதுதாங்க அந்தப் படம். எங்க அச்சன் இதுலதான் இருக்காக. கொழுந்து நிறுக்கிற எடம் வருதா?"

"வருது" என்றேன். அது என் தலைக்கு மேல் ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது. நான் அதைச் சொல்லவில்லை.

அன்றைக்கே அந்தச் சுருளை எடுத்து இருந்த இடத்தில் ஒட்டினேன். மறுநாள்தான் கடைசிக் காட்சி. கூட்டம் வருமுன் அவளைப் பக்கத்துப் படிக்கட்டு வழியாகக் கேபினுக்கு ஏற்றிவிட்டேன். அந்தக் காட்சிக்கு ஒரு பெண் கீழே உட்கார முடியாது. தலைக்குக் குளித்து, நெற்றியில் சந்தனம் வைத்து, கோயிலுக்குப் போகிற மாதிரி வந்திருந்தாள். சுவரில் படம் பார்க்கிற ஓட்டைக்கு முன்னால் ஒரு ஸ்டூல் போட்டுக் கொடுத்தேன். மெஷின் சூட்டில் வியர்த்து வழிந்தது. அவள் துடைக்கவே இல்லை.

அந்த இடம் வந்தது. மூடுபனி. கூடையோடு பெண்கள் வரிசையாக வருகிறார்கள், யாரும் பேசவில்லை. கீழே ஆரம்பித்துவிட்டார்கள்.

"ஏலே ஆபரேட்டரு, தூங்கிட்டியா?"

"பனியப் பாக்கவா காசு குடுத்தோம்? ஓட்டுலே!"

விசில் பறந்தது. நாற்காலியைத் தட்டினார்கள். காக்கிச் சட்டை போட்ட ஒருவர் தராசுக்குப் பக்கத்தில் முதுகு காட்டி நின்றார். ஒரு தோள் கொஞ்சம் இறங்கியிருந்தது.

"அச்சன்" என்றாள். சத்தமாகச் சொல்லவில்லை.

கீழேயிருந்து மேனேஜர் மணி அடித்தார். மணி அடித்தால் அடுத்த ரீலுக்கு மாற்று என்று அர்த்தம். இரண்டாவது மெஷினில் விளக்கு தயாராக எரிந்துகொண்டிருந்தது. பன்னிரண்டு வருஷப் பழக்கம், என் கை தானாகப் போய் மாற்றிவிட்டது. துண்டுப் படத்தை அடுத்த ரீலின் தொடக்கத்தில்தான் ஒட்டியிருந்தேன். அவர் திரும்பவேண்டிய நேரத்தில், யாரோ ஒருத்தி ஓடையில் குளித்துக்கொண்டிருந்தாள். கூட்டம் அடங்கியது.

அவள் ஓட்டையிலிருந்து முகத்தை எடுத்தாள். திட்டுவாள் என்று நின்றேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். எனக்கு அப்போது எதுவுமே தோன்றவில்லை. அழுகையோ வெட்கமோ கூட வரவில்லை. மெஷின் விளக்கில் எரிகிற கார்பன் துண்டு தேய்ந்துவிட்டதே, மாற்ற வேண்டுமே என்றுதான் நினைத்தேன்.

"ஆறு நாளா நீங்கதான ஓட்டுனீக. திரும்பிப் பாத்தாகளா?"

"பாத்தாக."

"எப்பிடி இருந்தாக?"

"நல்லா இருந்தாக."

"சிரிச்சாகளா?"

"சிரிச்சாக" என்றேன்.

தலையை ஆட்டிக்கொண்டு படியிறங்கிப் போனாள். படம் முடிந்து, வெட்டியதையெல்லாம் பழையபடி சேர்த்ததும் கம்பெனி ஆள் வந்து பெட்டியைக் குமுளி பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போனார். ஐந்து நிமிஷம் பொறுங்கள் என்று அவரிடம் கேட்டிருக்கலாம். அவளைக் கூப்பிட்டு அந்த இடத்தை மட்டும் மறுபடி ஓட்டியிருக்கலாம். நான் கேட்கவில்லை. மதியக் காட்சி சரியான நேரத்துக்குத் தொடங்கியது. அந்தப் படம் பிறகு எங்கள் பக்கம் வரவே இல்லை.

வெட்டுவதற்கு முன் முதல் நாள் ஓட்டிப் பார்த்தேனே, அப்போது அந்த முகம் என் கண்ணில் பட்டிருக்கும். பட்டே ஆகவேண்டும். ஆனால் நான் முகத்தைப் பார்க்கவில்லை. எங்கே கத்தரி வைக்கலாம் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் சிரித்தாரா, முறைத்தாரா, மீசை இருந்ததா, எதுவும் எனக்குத் தெரியாது.

எங்கள் பிள்ளைகள் தாத்தாவைப் பற்றிக் கேட்டால், "எங்க அச்சன் சினிமாவுல சிரிச்சுக்கிட்டு நின்னாக. உங்க அப்பா பாத்திருக்காக, கேளுங்க" என்பாள். பிள்ளைகள் என் பக்கம் திரும்புவார்கள். ஆமாம் என்று சொல்வேன்.