பலகையில் ஒட்டிய பத்திரிகை

காதலுக்குக் கண் இல்லை என்பார்கள். ஆனால் அதைப் பதிவு செய்யப் போனால் இரண்டு செட் ஜெராக்ஸ் கேட்பார்கள். கொல்கத்தாவில் வெளிநாட்டுக்காரரைக் கட்டிக்கொள்பவர்களுக்குக் காகிதங்களைத் தயார் செய்து கொடுப்பது என் பிழைப்பு. ஒரு ஜெராக்ஸ் குறைந்ததற்காக வரிசையின் கடைசிக்குத் திரும்பிப் போயிருக்கிறீர்களா? அப்படியானால் நீங்கள் நம்ம ஆள், உட்காருங்கள்.

ஆகவில்லை என்பதற்கு அத்தாட்சி

கோமதி கரியாஹாட்டில் அறை எடுத்துத் தங்கி ஐ.டி. வேலை பார்க்கும் பெண். அவள் கூட்டிவந்த மிகேல் போர்ச்சுகல்காரர். பாஸ்போர்ட், விசா, பிறப்புச் சான்றிதழ் எல்லாம் இருந்தன. பிறப்புச் சான்றிதழில் இருந்த ஊர்ப்பெயரைப் பார்த்ததும் நான் ஏதோ ஒரு கடலோரத்தில், வெள்ளைச் சுவர்களுக்கு நடுவே நடக்க ஆரம்பித்துவிட்டேன். இது என் வியாதி. டிக்கெட் இல்லாமல் முத்திரைக்கு ஒரு ஊர் போய்வருவேன். திரும்பி வந்த பிறகுதான் ஒரு காகிதம் குறைவது தெரிந்தது. கல்யாணம் ஆகாதவர் என்று அவர் நாட்டுச் சான்றிதழ் வேண்டும் என்றேன். கோமதி ஆங்கிலத்தில் எடுத்துச் சொன்னாள். அவர் சொன்ன பதிலைச் சிரிப்போடு தமிழில் தந்தாள்.

"நான் தனியா இருந்ததுக்கு எங்கம்மாவே சாட்சி. அவங்ககிட்ட சீல் இல்லை, அவ்வளவுதானே?"

முப்பது நாள்

சான்றிதழ் வந்து, மொழிபெயர்த்து, முத்திரை வாங்குவதற்குள் மழைக்காலம் வந்துவிட்டது. உடனே நோட்டீஸ் கொடுத்தோம். இன்னார் இன்னாரை மணக்கப் போகிறார் என்று பதிவு அலுவலகப் பலகையில் முப்பது நாள் ஒட்டியிருப்பார்கள். ஆட்சேபணை இருப்பவர்கள் அதற்குள் சொல்ல வேண்டும். மிகேலின் விசாவில் மிச்சம் இருந்தது முப்பத்தைந்து நாள்.

கோமதியின் அப்பா சங்கரலிங்கம், ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர், இதே கொல்கத்தாவில் கார்டன் ரீச்சில் இருந்தார். இந்தக் காதலைக் கேட்ட நாளிலிருந்து, எட்டு மாதமாக, மகளோடு பேச்சு இல்லை. கோமதி பலகையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"யாரு வேணும்னாலும் ஆட்சேபணை சொல்லலாமாண்ணா? அப்பாவுமா?"

வெள்ளைச் சட்டைக்காரர்

யார் சொன்னார்களோ, பத்தாம் நாள் வெள்ளைச் சட்டையும் குடையுமாக ஒருவர் வந்தார். கோமதியின் போனில் பார்த்த அவள் அப்பாவின் அதே முகம். பலகை முன் நின்றார், வாசித்தார், போய்விட்டார். மறுநாளும் வந்தார். வெளியே மழை. ஃபேன் காற்றில் நோட்டீஸ்களெல்லாம் படபடக்கும். அவர் மட்டும் ஒரு காகிதத்தின் நுனியைப் பிடித்துக்கொண்டு, ஓடும் ரயிலின் ஜன்னலில் பார்ப்பதுபோல் எதையோ பார்த்துக்கொண்டு நிற்பார். எனக்கே கண்ணைச் சொக்கும். ஒருநாள் துணிந்து, ஆட்சேபணை ஏதாவது உண்டா என்று கேட்டுவிட்டேன்.

"எம் மக பேரை நான் வாசிக்கதுக்கு ஒங்ககிட்ட அனுமதி வாங்கணுமாவே?"

மஞ்சள் கறை

இருபத்தெட்டாம் நாள் கிளார்க் பிமல்தா நோட்டீஸைக் கழற்றி வைத்துக்கொண்டு என்னைக் கூப்பிட்டார். நோட்டீஸின் நான்கு மூலையிலும் மஞ்சள் கறை. யாரோ காகிதத்தைக் கெடுத்திருக்கிறார்கள், புதிதாக ஒட்டி மறுபடியும் முப்பது நாள் எண்ண வேண்டியிருக்கும் என்றார். அதற்குள் மிகேல் விமானம் ஏறியிருப்பார்.

கோமதி ஓடிவந்தாள். காகிதத்தை முகர்ந்து பார்த்தாள். அப்புறம்தான் அழுதாள். எட்டு மாதம் கழித்து அப்பாவுக்குப் போன் போட்டாள்.

ஒரு மணி நேரத்தில் சங்கரலிங்கம் வந்து பிமல்தா முன்னால் கைகட்டி நின்றார். "நாந்தான் வச்சேன். பத்திரிகைன்னு அடிச்சது இது ஒண்ணுதான். மஞ்சத் தடவாம எப்படிய்யா விடுதது?" என்றார். நான் வங்காள மொழியில் சொன்னேன். பிமல்தா கண்ணாடியை மாட்டிக்கொண்டு பெயர்களை எழுத்தெழுத்தாகப் படித்தார். எல்லாம் தெளிவாகவே இருந்தது. காகிதத்தைத் திரும்ப ஒட்டிவிட்டு அவர் சொன்னதைத் தமிழில் தருகிறேன்.

"எங்க வீட்டுக் கல்யாணக் கார்டுலயும் ஹோலுத், இதே மஞ்சள்தான், வைப்போம், மொஷாய். ஆனா ஆபீஸ் காப்பியில யாரும் வச்சதில்லை."

முப்பத்தொன்றாம் நாள் மூன்றாவது சாட்சியாகக் கையெழுத்துப் போட்டவர் சங்கரலிங்கம்தான். ஆட்சேபணைக்காகச் சட்டம் ஒதுக்கிய முப்பது நாள் ஓர் அப்பாவின் கோபம் ஆறுவதற்கும் சரியாகப் போதும் என்பதை எந்தப் படிவத்திலும் அச்சிடவில்லை.