வெர்டெல் எடுத்துக் கொடுத்த வரி

வெர்டெல் கேத்தியைப் பற்றி எழுதும்போது வீராங்கனை என்ற சொல்லைத் தவிர்க்கவே பார்க்கிறேன். அந்தச் சொல் பெரும்பாலும் செத்துப்போனவர்களுக்கு நாம் செய்யும் சௌகரியமான மரியாதை. அதை அவர் முன்னால் சொல்லியிருந்தால், "தலையக் குனிஞ்சு உக்காரு, சோப்பு கண்ணுல பட்டுரும்" என்றுதான் பதில் வந்திருக்கும்.

அவர் எங்கள் ஸ்வீட்கம்மில் தன் வீட்டு முன்னறையிலேயே பியூட்டி பார்லர் நடத்தினார். இரண்டு நாற்காலி, தலை உலர்த்தும் இயந்திரம் ஒன்று, சுருள்முடியை நீட்ட அடுப்பில் காய்ச்சிய இரும்புச் சீப்பு. வருகிறவர்கள் எல்லோரும் எங்கள் கறுப்பினப் பெண்கள். அதனால் அவருக்கு ஒரு வசதி இருந்தது. ஓட்டர் பட்டியலில் பேர் பதியப் போனவர்களைத் தோட்ட முதலாளிகள் வேலையைவிட்டுத் துரத்திய காலத்தில், வெர்டெலைத் துரத்த ஆள் இல்லை. நம்ம பெண்களின் தலைமுடி வளர்வதை எந்த முதலாளியாலும் நிறுத்த முடியாது என்பார்.

மிசிசிப்பிச் சமவெளியில் மார்ஸ்டன் நகரத்து ரயில் தண்டவாளத்துக்கு இந்தப் பக்கம் இருப்பது ஸ்வீட்கம். நகர எல்லை தண்டவாளத்தோடு முடிந்துவிடுகிறது. ஒரு குளிர்காலத்தில் தையல்காரி ஆலி ரான்சமின் வீட்டு அடுப்புப் புகைபோக்கியில் நெருப்புப் பிடித்தபோது, மார்ஸ்டனின் தீயணைப்பு வண்டி மணியடித்துக்கொண்டு தண்டவாளம் வரை வந்தது. அங்கேயே நின்றது. ஆட்கள் இறங்கிக் கையைக் கட்டிக்கொண்டு பார்த்தார்கள். எல்லையைத் தாண்ட உத்தரவு இல்லை என்றார் அவர்களுடைய தலைவர். அதைச் சொன்ன குரலில் வெறுப்புக்கூட இல்லை. அதுதான் எனக்கு இன்னமும் மறக்கவில்லை.

ஆலியும் மூன்று பிள்ளைகளும் தப்பினார்கள். தையல் இயந்திரமும் தப்பியது. அன்று மாலையே நால்வரும் பார்லருக்குப் பின்னால் இருந்த அறைக்குக் குடிவந்தார்கள். ஒரு வாரம்தான் என்று ஆலி சொன்னார். அது இரண்டாம் வருடத்தைத் தொட்டது. காரணம், வீடு கட்டக் கடன் கேட்டால் வங்கி இன்சூரன்ஸ் கேட்டது. இன்சூரன்ஸ்காரர்களோ, மாநிலம் அங்கீகரித்த தீயணைப்புப் படை இல்லாத இடத்தில் பாலிசி எழுத மாட்டோம் என்றார்கள். நகரத்துக்கு மனுக் கொடுக்கலாம் என்று எங்கள் தேவாலயச் சபையில் சிலர் சொன்னார்கள். வெர்டெல் எழுந்து, "மனு எழுதி எழுதி எங்கப்பாவுக்குக் கையெழுத்து அழகாச்சு. வேற ஒண்ணும் ஆகல. வண்டிய நாமளே வாங்குவோம்" என்றார்.

சனிக்கிழமை தோறும் கெளுத்தி மீன் வறுத்து, சோள ரொட்டியோடு விற்றோம். ஆர்கன்சாவில் ஏதோ ஒரு சிற்றூர் கழித்துப் போட்ட பழைய தீயணைப்பு வண்டி ஒருவழியாக எங்கள் கைக்கு வந்தது. சொன்ன பேச்சு கேட்காத வண்டி என்பதால் பெண்கள் அதற்கு ஜெசபேல் என்று பெயர் வைத்தார்கள். வேதாகமத்துக் கெட்ட ராணியின் பெயரை வண்டிக்கு வைப்பதா என்று எங்கள் நெபோ மலை சபையில் பாட்டை முன்னின்று நடத்தும் டீக்கன் லூஷியஸ் டார்ப்லி முகம் சுளித்தார். அவருக்கு அதைவிடப் பெரிய குறை ஒன்று இருந்தது. ஆண்கள் விடியும்போதே பஸ் ஏறி மரச்சாமான் தொழிற்சாலைக்குப் போய்விடுவார்கள். பகலில் ஊரில் இருப்பது பெண்கள்தான். ஆகவே படையும் பெண்களின் படையானது, வெர்டெல் அதன் தலைவி ஆனார்.

அந்தக் கோடையில் கல்லூரிப் பிள்ளைகள் சிலர் வந்து பார்லர் வாசலில் நின்று கறுப்பர் அதிகாரம் பற்றி நன்றாகவே பேசினார்கள். வெர்டெல் ஒருத்தியின் தலைக்குச் சீப்புப் போட்டபடி முழுவதையும் கேட்டார். பிறகு, "அதிகாரம் வேணும்தான் தம்பி. இப்போதைக்கு அந்த ஹோஸ் பைப்போட இன்னொரு முனையப் புடி" என்றார். அவர்களும் பிடித்தார்கள்.

மாநில அலுவலகத்திலிருந்து பரிசோதனைக்கு நாள் குறித்துவிட்டார்கள். ஓடையிலிருந்து தண்ணீர் எடுத்து ஊரின் கடைசி மனைவரை கொண்டுபோய், அங்கே நிலையாகப் பீய்ச்சிக் காட்ட வேண்டும். குழாய் வெடிக்கக் கூடாது. ஊரின் கடைசி மனை ஆலியுடையது. எரிந்த இடத்தில் களை மண்டிக் கிடந்தது. ஆலியின் தங்கை சிகாகோவில் இருந்தாள். பரிசோதனை தேறாவிட்டால் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு அங்கேயே போய்விடுவது என்று ஆலி முடிவு செய்துவிட்டார். அதை வெர்டெலிடம் சொன்னபோது அவர் சீப்பை மறுபடி அடுப்பில் வைத்தார்.

முதல் ஒத்திகை கேவலமாகப் போனது. ஓடைக்கரையில் பம்ப்பை ஓட்டுகிறவர் ஜெனீவா பாய்கின். முன்பு டிராக்டர் ஓட்டியவர், யாருக்கும் அஞ்சாதவர். குழாயின் முனையைப் பிடித்து நிற்பது வெர்டெல். இடையில் பருத்தி ஜின்னிங் மில்லைச் சுற்றிக் குழாய் வளைந்து போகும். ஒருவரை ஒருவர் பார்க்க முடியாது. பம்ப் இரைச்சலில் கத்தினாலும் கேட்காது. அதனால் குழாய் நெடுகிலும் பெண்களை நிறுத்தி வாய்வழியாகக் கட்டளை அனுப்பினோம். எங்கள் பெண்கள் சபைப் பெண்கள். ஒரு சொல்லை வெறுமனே கடத்திவிட அவர்களுக்கு மனம் வராது. ஒவ்வொருத்தியும் கட்டளையோடு ஒரு குட்டி ஜெபத்தையும் சேர்த்து அனுப்பினாள். ஜெனீவா காத்திருந்து காத்திருந்து பொறுமை இழந்து வால்வை ஒரே திருகில் முழுவதும் திறந்துவிட்டார். தண்ணீர் குதித்து வந்து வளைவில் முட்டியது. குழாய் வெடித்தது. இரண்டு பேர் சாக்கடையில் விழுந்து எழுந்தார்கள்.

"ஜெபம் வந்துச்சு. கட்டளை வரலையே" என்றார் ஜெனீவா, முகத்தைத் துடைத்துக்கொண்டு.

வெடித்த இடத்தை ஒட்டுப்போட முடிந்தது. இன்னொரு தடவை வெடித்தால் மாற்றுக் குழாய் கிடையாது.

அடுத்த ஞாயிறு சபையில் டார்ப்லி பாட்டு எடுத்துக் கொடுத்தார். அவர் வரியை ஒரே மூச்சில் விறுவிறுவென்று சொல்வார். சபை அதே வரியை வாங்கி மெல்ல, ஒவ்வொரு அசையையும் இழுத்துப் பாடும். எங்கள் முன்னோர் கையில் பாட்டுப் புத்தகம் இல்லாதிருந்த நாளிலிருந்து வரும் முறை அது. வெர்டெல் அன்று பாடவில்லை, கேட்டுக்கொண்டிருந்தார். சபை அத்தனை பெரிது. ஆனால் யாரும் தன் பங்குக்கு ஒரு சொல் சேர்க்கவில்லை, யாரும் முந்தவில்லை, எல்லோரும் ஒன்றாகவே முடித்தார்கள். ஆராதனை முடிந்ததும் டார்ப்லியின் வீட்டுக்குப் போனார்.

பரிசோதனையன்று வந்து கட்டளையைப் பாட்டு மாதிரி எடுத்துக் கொடுக்க வேண்டும் என்று கேட்டார். டார்ப்லி எண்ணெய் ஆலையில் உழைத்து ஓய்வு பெற்றவர். ராகத்தில் கறாரானவர், மற்ற எல்லாவற்றிலும் அதைவிடக் கறாரானவர்.

"ஏம்மா, ஆண்டவருக்குப் பாடுற முறைய ரப்பர் பைப்புக்குப் பாடச் சொல்றியா?"

"ஆலி வீட்டுக்குப் பாடச் சொல்றேன் டீக்கன்."

"அந்த வண்டிக்கு வச்ச பேருக்கு நான் வாயத் தொறக்க மாட்டேன்."

"பேர மாத்திட்டா வருவீங்களா?"

அவர் சற்று யோசித்தார். வர மாட்டேன் என்று உண்மையைச் சொன்னார்.

"அப்ப நானே எடுத்துக் குடுக்குறேன்."

"குடுத்துக்கோ. பொம்பள எடுத்துக் குடுத்து இந்தச் சபையில இதுவரைக்கும் யாரு வாங்கிப் பாடியிருக்கா?"

வெர்டெல் தலையாட்டிவிட்டுத் திரும்பினார். உண்மையில் யாரும் பாடியதில்லை. எங்கள் பெண்களிடம் கேட்டபோது அவர்களும் கண்ணைத் தாழ்த்தினார்கள். ஆகவே வெள்ளைத் துணிக்கொடிகள் தைத்தோம். ஒரு கொடி உயர்ந்தால் அடுத்தவள் தன் கொடியை உயர்த்துவாள். மறு ஒத்திகையில் அது ஒருவழியாக வேலை செய்தது. தண்ணீரை முழு வேகத்தில் விட மட்டும் யாருக்கும் துணிவு வரவில்லை.

ஒத்திகை நடந்தது ஆகஸ்டில். பரிசோதனை செப்டம்பரில். அதற்குள் முதல் பருத்தி எடுப்பு தொடங்கிவிடும் என்பதை எங்களில் ஒருவரும் நினைக்கவில்லை. பிறந்ததிலிருந்து பருத்திக்குள் வாழ்ந்தவர்கள் செய்த தவறு இது. பரிசோதகர் ஹாஸ்க்யூ வந்து இறங்கியபோது ஜின்னிங் மில் ஓடிக்கொண்டிருந்தது. வளைவு முழுக்கப் பருத்தி ஏற்றிய டிரெய்லர்கள் வரிசை கட்டி நின்றன. அவற்றின் உயரத்துக்கு எந்தக் கொடியும் தெரியாது.

நான் நின்றது அந்த வளைவில். எனக்கு எட்டும் தூரத்தில், மில் நிழலில், ஒரு எண்ணெய் டிரம்மின் மேல் டார்ப்லி உட்கார்ந்திருந்தார். வேடிக்கை பார்க்க வந்ததாக யாரிடமோ சொன்னார்.

ஹாஸ்க்யூ அதிகம் பேசாத வெள்ளைக்காரர். ஆலியின் மனையில் வெர்டெலுக்குப் பக்கத்தில் நின்று, எப்போது வேண்டுமானாலும் தொடங்கலாம் என்றார். வெர்டெல் கொடியை உயர்த்தினார். அவருக்கு அடுத்தவளும் உயர்த்தினாள். அதோடு நின்றது. எனக்கும் அந்தப் பக்கத்துக்கும் நடுவில் பஞ்சு மலைபோல நின்றது. ஏதோ தவறு என்று எல்லோருக்கும் தெரிந்தது. ஆலி சின்னவளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, பார்க்காமல் திரும்பி நின்றார் என்று பிறகு சொன்னார்கள்.

அப்போதுதான் மில் இரைச்சலைத் தாண்டி வளைவு வரைக்கும் வெர்டெலின் குரல் கேட்டது. டீக்கன்கள் சொல்கிற அதே விறுவிறுப்பு, அதே ஒற்றை மூச்சு:

"தண்ணி வரட்டும், மெல்ல வரட்டும்."

யாரும் வாங்கவில்லை. மில் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். என் வாயும் திறக்கவில்லை. அச்சம் காரணமா, பழக்கம் காரணமா என்று கேட்டால், அவை இரண்டும் ஒன்றிலிருந்து ஒன்று வேறானவையா என்று எனக்குத் தெரியாது. வெர்டெல் இரண்டாம் முறையும் எடுத்துக் கொடுத்தார். அதே ராகம், அதே மூச்சு.

டிரம்மின் மேல் டார்ப்லி நெளிந்தார். வாழ்நாள் முழுக்க அவர் கொடுத்த வரி ஒன்றுகூட அந்தரத்தில் நின்றதில்லை. சரியான ராகத்தில், சரியான மூச்சில் கொடுத்த ஒரு வரி வாங்க ஆளில்லாமல் தொங்குவதை அந்தக் காது தாங்கவில்லை. அவர் மனம் மாறியதாக நான் சொல்ல மாட்டேன். அவரும் பிறகு அப்படிச் சொல்லவில்லை. கண்ணை மூடினார். நெஞ்சுக்குள்ளிருந்து குரல் கிளம்பியது.

"தண்...ணி..." என்று இழுத்தார்.

அவ்வளவுதான். இரண்டாம் அசைக்கு நாங்கள் எல்லோரும் உள்ளே இருந்தோம். வளைவின் இந்தப் பக்கம், அந்தப் பக்கம், ஓடைக்கரை வரை ஒரே குரலாக ஆனது. டிரெய்லர் ஓட்டி வந்த ஆண்களும் பாடினார்கள். மில்லின் இரைச்சல் அதன் அடியில் போய்விட்டது.

ஓடைக்கரையில் ஜெனீவா வால்வின் சக்கரத்தில் கை வைத்திருந்தார். பாட்டு இழுக்க இழுக்க அவர் கையும் திருகியது. நெபோ மலை சபைக்காரியால் இழுத்துப் பாடும் வரிக்கு அவசரமாகக் கையசைக்க முடியாது. முடிந்தால் அவள் வேறு சபை. வரி முடிந்தபோதுதான் வால்வு முழுவதும் திறந்தது. தட்டையாகக் கிடந்த குழாய் என் காலடியில் மெல்லப் பருத்து, உருண்டு, இறுகியது. ஒட்டுப்போட்ட இடத்தில் ஒரு துளி கசிந்தது. அதற்கு மேல் ஒன்றும் இல்லை.

ஆலியின் மனையில் தண்ணீர் எழுந்தது. எரிந்துபோன புகைபோக்கியின் செங்கல் தூண் இன்னும் நின்றிருந்தது. அதன் உச்சியையும் தாண்டிப் போய் விழுந்தது. பிள்ளைகள் நனைந்துகொண்டு ஓடினார்கள். ஹாஸ்க்யூ அழுத்தமானியைப் பார்த்தார், பிறகு வானத்தைப் பார்த்தார், நிறுத்துங்கள் என்றார். வெர்டெல் எடுத்துக் கொடுத்தார். இந்தத் தடவை வாங்க ஒருவரும் தாமதிக்கவில்லை. தண்ணீர் வந்த மாதிரியே மெல்ல இறங்கியது.

இவ்வளவு பழைய குழாய் ஏன் வெடிக்கவில்லை என்று ஹாஸ்க்யூ கேட்டார். "அதுவும் எங்க சபைதான், சார்" என்றார் வெர்டெல். ஹாஸ்க்யூ சிரிக்காமல் கையெழுத்துப் போட்டார். ஸ்வீட்கம் தீயணைப்புப் படை என்று காகிதத்தில் அன்றுதான் முதன்முதலாக எழுதப்பட்டது. எங்களைப் பொறுத்தவரை அதற்கு முன்பே இருந்தது.

இன்சூரன்ஸ் வந்தது, கடன் வந்தது. அடுத்த வசந்தத்தில் ஆலியின் வீடு எழும்பியது. தொழிற்சாலையிலிருந்து திரும்பிய ஆண்கள் மாலை வெளிச்சம் இருக்கும்வரை ஆணி அடித்தார்கள். சிகாகோத் தங்கை பார்க்க வந்து, திரும்பிப் போக மனமில்லாமல் போனாள். பார்லரின் பின்னறையில் வெர்டெல் இரண்டாவது உலர்த்தும் இயந்திரம் வைத்தார்.

குடிபுகுந்த நாளில் வீட்டுக்குள் இடம் இல்லாத அளவுக்குக் கூட்டம். கறியும் கீரையும் மேசையில் ஆறிக்கொண்டிருந்தன. சாப்பாட்டுக்கு முன்னால் டார்ப்லி முதல் வரியை எடுத்துக் கொடுத்தார், நாங்கள் பாடினோம். இரண்டாவது வரிக்கு அவர் வாய் திறக்கவில்லை. தட்டைப் பார்த்துக்கொண்டு நின்றார். கூட்டம் காத்திருந்தது. வெர்டெலுக்குப் புரிய ஒரு மூச்சு நேரம் ஆனது. அவர் எடுத்துக் கொடுத்தார்.

புதிய சுவர்கள் அதிர நாங்கள் வாங்கிப் பாடினோம். ஆலி சமையலறை வாசலிலிருந்து கத்தினார்:

"மெல்லடி, மெல்ல. இந்த வீட்டுக் குழாயெல்லாம் புதுசு."