அர்மிண்டா அக்காவின் கறுப்புக் களிம்பு

என் அக்கா அர்மிண்டா பிடிவாதக்காரி. கென்டக்கி மலையில் எங்கள் பள்ளத்தாக்கில் அவளோடு வாதாடி ஜெயித்தவர் யாருமில்லை. அவள் கணவர் ஹோபர்ட் அத்தான் முயன்றுகூடப் பார்த்ததில்லை.

பனி கரைந்ததும், மரங்கள் துளிர்க்கும் முன்பே, ஓடைக்கரை நிழலில் ஒரு வெள்ளைப் பூ வரும். வேரைக் கிள்ளினால் சிவப்பாகக் கசியும். ரத்தவேர் என்பார்கள் சிலர், புக்கூன் என்பார்கள் சிலர், படைக்கும் தேமலுக்கும் போடுவதால் படைச்செடி என்பவர்களும் உண்டு. அக்காவுக்கு அது வெறும் 'வேர்'. இடித்து, மருந்துக்கடை எரிகாரத்தோடு குழைத்துக் கறுப்புக் களிம்பு செய்வாள். புண்ணில் பூசினால் சதை வெந்து, பத்து நாளில் கருகிய கட்டியாக உதிரும். கட்டி உதிர்ந்தால் நோய் அடியோடு வெளியே வந்துவிட்டது என்று ஊரே நம்பியது. நானும் நம்பினேன், முட்டாள்.

1938இல் அத்தானின் மூக்கோரம் ஆறாத புண் ஒன்று வந்தது.

"புற்று. இப்பவே வெட்டி எடுத்துட்டா பிழைச்சுக்கலாம்" என்றார் நகரத்து டாக்டர்.

"இவர் முகத்துல கத்தி வைக்க விடமாட்டேன்" என்றாள் அக்கா.

"இந்த மூஞ்சில இனிமே கெட்டுப்போக என்னடி இருக்கு?" என்று அத்தான் சிரித்தார்.

அவள் பூசினாள். அவர் பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தார். கட்டி உதிர்ந்து, குழி மூடிப் புதுத்தோல் வந்தது. சர்ச்சில் அவர் தாடையைப் பிடித்துத் திருப்பித் திருப்பி எல்லோருக்கும் காட்டினாள்.

தோலுக்கு அடியில் நோய் பரவிக்கொண்டுதான் இருந்தது. அடுத்த வருஷம் கன்னம் வீங்கி இடது கண் மூடியது. அதே டாக்டரிடம் போனோம்.

"எலும்பு வரைக்கும் போயிடுச்சும்மா. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்க."

டாக்டர் அக்காவைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

ஒருநாள் அத்தான், "மிண்டி, இன்னொரு தடவை பூசுடி. போன தடவை முழுசா வேகல போல" என்றார்.

அக்கா அடுப்படிக்குப் போனாள். வேரைத் தொடவில்லை. பன்றிக் கொழுப்பில் அடுப்புக் கரியைக் குழைத்தாள்.

"என்னக்கா இது?"

"வாயை மூடு."

அவள் பூசும்போது, எரியப்போகிறது என்று அத்தான் கட்டில் சட்டத்தை இறுகப் பிடித்திருந்தார். கொஞ்ச நேரத்தில் கையைத் தளர்த்தினார்.

"எரியவே இல்ல மிண்டி. போன தடவை உயிர் போச்சு. உள்ள இருந்ததெல்லாம் செத்துடுச்சு போல."

"ஆமா. செத்துடுச்சு" என்றாள் அக்கா.

அப்புறம் பதினோரு நாள், காலையும் மாலையும் பூசினாள். சாகும்வரை ஒவ்வொரு தடவையும் அவர் அவளுக்கு நன்றி சொன்னார்.