பெரிய கோர்ட்டில் கொடுக்காத மனு

என் அண்ணி மா சுன்-தொக் பிடித்த பிடியை விடமாட்டாள். பள்ளி விட்டு வரும் பிள்ளைகளுக்குப் பாடமும் இரவுச் சாப்பாடும் தரும் இல்லம் ஒன்றைப் பதினெட்டு வருடமாகத் தென்கொரியாவில் எங்கள் ஊரில் நடத்துகிறாள். முப்பத்திரண்டு பிள்ளைகள், செலவெல்லாம் அரசு மானியம்.

வம்பு கிம்ச்சியால், கோஸ் ஊறுகாயால், வந்தது. நவம்பரில் ஊரே செய்வதைப் போல அவளும் நூற்றைம்பது கோஸ் வாங்கி, உப்பிட்டு, மிளகாய்ப்பொடி தடவி, வசந்தம் வரைக்கும் வருகிற மாதிரி ஊறவைத்தாள். தணிக்கைக்கு வந்தவர் அதைப் பிடித்துக்கொண்டார். இந்த வருடப் பணத்தில் அடுத்த வருடச் சாப்பாட்டை வாங்கியது குற்றமாம். டிசம்பரோடு வருடம் முடிகிறது என்று கிம்ச்சிக்கு யார் போய்ச் சொல்வது? இருபத்தொரு லட்சம் வோன் திருப்பிக் கட்டு, ஒரு வருடம் மானியம் இல்லை என்று ஆணை வந்தது. மானியம் நின்றால் இல்லத்தை மூட வேண்டியதுதான்.

பெற்றோரிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு ஆணை போட்ட அலுவலகத்துக்கு மூன்று முறை நடந்தாள். ஒருவரும் அசையவில்லை. கடைசியில் என் வீட்டுக்காரர் யோசனை சொன்னார்.

"ஜனாதிபதியவே வீட்டுக்கு அனுப்புன கோர்ட்டு சியோல்ல இருக்கு. இந்த ஆபீசருங்க எம்மாத்திரம்?"

எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. நானும் அண்ணியும் ரயிலேறினோம்.

அரசியலமைப்பு நீதிமன்றத்தில் மனு வாங்கும் இடத்தில் பியோன் என்று ஒரு குமாஸ்தா. பின்னால் நின்றவர்கள் முணுமுணுக்க, எங்கள் மனுவை வரி விடாமல் படித்தார்.

"அம்மா, கணக்கு சரியா தப்பான்னு இந்த கோர்ட் பார்க்காது. அதுக்குன்னு வேற கோர்ட் இருக்கு. அங்க போகாம இங்க வந்தா எடுத்துக்க மாட்டாங்க."

"இதவிடப் பெரிய கோர்ட் ஏது சார்?" என்றாள் அண்ணி.

"பெருசுதான். அதுக்காக எல்லாத்துக்கும் அதிகாரம் இருக்கா? நீங்க கொடுத்தா நான் வாங்கித்தான் ஆகணும். ஒரு மாசத்துல தள்ளுபடின்னு கடுதாசி வரும்."

எனக்குச் சுருக்கென்றது. "இவ்வளவு தூரம் வந்தவங்கள விரட்டுறீங்களா?" என்றேன்.

"நீ சும்மா இரு" என்று அண்ணி என் கையை அழுத்தினாள்.

அவர் கோபப்படவில்லை. "ஆணை உங்க கைக்கு என்னிக்கு வந்துச்சு?" என்று கேட்டு, காலண்டரில் விரல் வைத்து எண்ணினார். "எண்பத்து நாலு நாள் போயிடுச்சு. அந்த கோர்ட்ல வழக்குப் போட தொண்ணூறு நாள்தான் கெடு. இங்க கொடுத்துட்டு உக்காந்திருந்தீங்கன்னா அந்தக் கதவும் சாத்திடும். உங்க ஊருக்கான கோர்ட் குவாங்ஜுல இருக்கு, இன்னிக்கே கிளம்பி அங்க போங்கம்மா. அங்க கணக்கப் பார்ப்பாங்க."

அண்ணி மனுவைத் திரும்ப வாங்கிக்கொண்டாள். நேரே ஸ்டேஷனுக்கு நடந்தாள்.

எண்பத்தெட்டாம் நாள் குவாங்ஜுவில் வழக்குப் பதிவானது. முடியும்வரை ஆணையை நிறுத்தியும் வைத்தார்கள். நீதிபதி கேட்டது இரண்டே கேள்வி: ஊரில் எல்லா வீட்டிலும் இப்படித்தான் செய்வார்களா, அதைச் சாப்பிட்டது அதே பிள்ளைகள்தானா? ஏழு மாதத்தில் ஆணை ரத்தானது.

அன்று நான் சீறி விழுந்த மனிதரை இப்போது நினைத்தால் கண் கலங்குகிறது. மனுவை வாங்கிப் போட்டுவிட்டு அவர் பாட்டுக்கு அடுத்த ஆளைக் கூப்பிட்டிருக்கலாம்.

தீர்ப்பு வந்த மறுநாள் அண்ணி அவருக்குப் போன் போட்டாள். அவருக்கு ஞாபகம் வரவே கொஞ்ச நேரமாயிற்று.

"நான் ஒண்ணுமே செய்யலையேம்மா. எங்களுக்கு அதிகாரம் இல்லன்னுதானே சொன்னேன்."

"அதச் சொன்னீங்களே சார், அதுக்குத்தான்" என்றாள் அண்ணி. பின்னால் முப்பத்திரண்டு பிள்ளைகளும் சாப்பாட்டுக்கு உட்கார்ந்துகொண்டிருந்தார்கள்.