கடுகண்ணாவை ரயில் இரண்டாகப் பிரிந்த நாள்

போன வருடம் தீபாவளி முடிந்த கையோடு, கண்டியில் ஒரு மண்டபத்தில் நடந்தது இது. இப்போது சொல்லும்போதும் எனக்குச் சிரிப்பு வருகிறது. அன்றைக்கு வந்தது அழுகைதான்.

நான் பன்வில பக்கம். பகலில் கண்டியில் ஒரு புடவைக் கடையில் வேலை, மாலையில் இசை நாடகக் குழுவில் ஆட்டம். கதாநாயகி பாடும்போது பின்னால் ஆடுகிற கூட்டத்தில் ஒருத்தி. மரமாக ஆடியிருக்கிறேன், மழையாக ஆடியிருக்கிறேன், ஒருமுறை மாட்டின் பின்பாதியாகவும் ஆடினேன். அதற்கும் கைதட்டு வந்தது, ஆனால் முழுவதையும் முன்பாதி எடுத்துக்கொண்டது.

அந்த நாடகத்தைக் கொழும்பு மேடைக்குக் கொண்டுபோவதாக இருந்தார்கள். கூட்டிப்போக ஓர் ஆட்டக்காரிக்குத்தான் இடம் மிச்சம். போட்டியில் நானும் யாழ்ப்பாணத்துப் பிள்ளை ஒருத்தியும். அவள் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் படிக்கிறவள், சின்ன வயதிலிருந்து முறையாக நடனம் பயின்றவள். நான் தேயிலைத் தோட்டத்துக் கோயில் திருவிழாவிலும் தொலைக்காட்சியைப் பார்த்தும் கற்றவள். என்னைவிட இரண்டு வயதுதான் இளையவள், ஆனால் வாய் திறந்தால் 'அக்கா'. அதற்காகவே அவளை எனக்குப் பிடிக்காது. மனதுக்குள் 'மகாராணி' என்று பெயர் வைத்திருந்தேன்.

தீபாவளி வாரம் கடையில் மூச்சுவிட நேரமில்லை, ஒத்திகைக்குப் போகவே முடியவில்லை. அந்த வாரம் பார்த்து இயக்குநர் ஒரு ரயில் ஆட்டத்தைப் புதிதாகச் சேர்த்துவிட்டார். ஒருவர் இடுப்பை ஒருவர் பிடித்துக்கொண்டு கடுகண்ணாவை நிலையத்துக்கு வருவோம். கார்ட் பச்சைக் கொடி காட்டியதும் எல்லோரும் கையை விட்டு ஒரு சுற்றுச் சுற்றி, மறுபடி பிடித்துக்கொண்டு ஒரே பக்கமாகத் திரும்பி ஓட வேண்டும். யாரோ புண்ணியவான் அதை வீடியோ எடுத்து அனுப்பினார். கடை மூடியபிறகு, புடவைகளுக்கு நடுவே நின்று பழகினேன்.

இங்கேதான் வினை. வீடியோவில் ஒருவர் நம்மைப் பார்த்து ஆடினால், திரையில் வலப்பக்கம் போவது அவருக்கு இடப்பக்கம். ஆட்டக்காரர்கள் யோசிக்காமலே அப்படி மாற்றிக்கொள்வோம். நானும் மாற்றிக்கொண்டேன். ஆனால் அந்த வாரம் ஒத்திகையை ஓர் உடற்பயிற்சி நிலையத்துக்கு மாற்றியிருந்தார்களாம். அங்கே ஒரு சுவர் முழுக்கக் கண்ணாடி. முகம் தெரியட்டும் என்று, அந்த மனுஷன் பின்னால் நின்று கண்ணாடிக்குள் தெரிந்த ஆட்டத்தை எடுத்திருக்கிறார்! கண்ணாடியில் வலப்பக்கம் வலப்பக்கமாகவே தெரியும். ஆடத் தெரியாதவர் யாராவது பார்த்தபடியே ஆடியிருந்தால் சரியாக ஆடியிருப்பார். எனக்கு அனுபவம் அல்லவா?

நாடகத்தன்று பஸ் கட்டுகஸ்தோட்டை நெரிசலில் மாட்டி, மேடை ஒத்திகைக்கும் பிந்திவிட்டேன். நேராக உடுப்பு மாற்றி மேடையேறினேன். முன்வரிசைக் கதிரையில் அம்மா.

ரயில் வந்தது. நான் நடுப்பெட்டி, எனக்குப் பின்னால் மகாராணி. பச்சைக் கொடி ஆடியது. சுற்றினேன், சிரித்தேன், கம்பீரமாக இடப்பக்கம் திரும்பினேன். முன்னால் இடுப்பைக் காணோம். எஞ்சினும் முன்பெட்டிகளும் வலப்பக்கம் போய்க்கொண்டிருந்தன.

கொழும்பு போச்சு என்றுதான் முதலில் நினைத்தேன். பின்னால் இருந்த மகாராணிக்குச் சரியான பக்கம் தெரியும். என்னை விட்டுவிட்டு முன்பெட்டியைப் பிடித்தால் போதும், அந்த இடம் அவளுக்குத்தான். ஆனால் என் இடுப்பில் இரண்டு கைகள் இறுக்கமாக வந்து விழுந்தன.

"அக்கா, சிரிச்சுக்கொண்டே போங்கோ. நான் விடமாட்டன்."

அவள் வந்ததால் அவளுக்குப் பின்னால் இருந்தவர்களும் வந்தார்கள். கடுகண்ணாவையிலிருந்து ஒரே நேரத்தில் இரண்டு ரயில் புறப்பட்டது! மேடையைச் சுற்றி வந்தால் எதிரே எஞ்சின். எஞ்சினாக ஆடிய தடித்த அண்ணனுக்கு விழி பிதுங்கியது. கார்ட் பச்சைக் கொடியைப் போட்டுவிட்டுச் சிவப்பைத் தேடினார். ஒரு முழம் இடைவெளியில் இரண்டு ரயிலும் நின்றன. மண்டபம் வெடித்துச் சிரித்தது.

"பின்னுக்கு வாங்கோ, பின்னுக்கு!" என்று அவள் என்னை இழுத்தாள். இரண்டு ரயிலும் பின்வாங்கி, வளைந்து, ஒன்றாகச் சேர்ந்து ஒருவழியாக உள்ளே போய்விட்டோம். பாட்டுக்காரர்கள் பாட்டை நிறுத்தாமல் இழுத்தது எங்கள் அதிர்ஷ்டம்.

இயக்குநர் முகம் சிவக்க வந்தார். "யாரும்மா முதல்ல திரும்புனது?"

"நான்தான் சேர் அக்காவைப் பிடிச்சுத் திருப்பினனான்" என்றாள் அவள், கண்ணைக்கூடச் சிமிட்டாமல்.

அப்படியே விட்டிருந்தால் கொழும்பு எனக்கு. ஆனால் அந்தப் பொய்யைக் கேட்டதும் நான் ஓரடி முன்னால் வந்தேன். "இல்லைங்க சேர், நான்தான்" என்று கண்ணாடிக் கதையை ஒப்பித்தேன். அவர் தலையில் அடித்துக்கொண்டு கதிரையில் உட்கார்ந்து சிரித்தார். மறுநாள் அவளைக் கொழும்புக்குத் தெரிவு செய்தார். எனக்கு வலித்தது, ஆனால் பொறாமை வரவில்லை. அம்மாவுக்கு மட்டும் இன்னும் சமாதானமில்லை. "ரெண்டு ரயில் விட்டியே, அதுதாண்டி நல்லா இருந்துச்சு. அதுக்குப் போய் உன்னைய விட்டுட்டாங்களே" என்கிறார்.

ஏன் என்னோடு வந்தாய் என்று அவளைக் கேட்டேன். "தனிய விட்டால் சனம் உங்களைப் பார்த்துத்தானே அக்கா சிரிக்கும்" என்றாள், இதையெல்லாம் கேட்பார்களா என்பதுபோல.

இப்போதும் நான் பின்வரிசையில்தான் ஆடுகிறேன். முன்னால் ஆடுகிறவர் பக்கம் மாறித் திரும்பினால், சரியான பக்கம் எனக்குத் தெரிந்திருந்தாலும், என் கை அவர் இடுப்பை விடுவதில்லை.