வாள்காரியின் மகள்

வெளிநாட்டுச் சோப்பின் மணம் சட்டைத் தோளில் ஒட்டியிருக்க, அசோக் நகரில் சித்தி வீட்டை விட்டிறங்கி, மாம்பலம் தண்டவாளத்துக்கு அப்பாலிருந்த தி. நகரை நோக்கி நான் வேகமாக நடந்துகொண்டிருந்தேன். சற்று முன்புதான், ஏழு வருடம் குவைத்தில் வீட்டுவேலை செய்துவிட்டு வந்திறங்கிய அம்மா என்னைக் கட்டிக்கொள்ள, நான் சித்தியைப் பார்த்து, "இவங்க யாரு?" என்று கேட்டிருந்தேன். என்னிடமிருந்த புகைப்படத்தில் அவளுக்கு இடுப்புவரை முடி இருந்தது, கன்னம் இருந்தது. வந்தவளுக்கு இரண்டும் இல்லை.

பள்ளிக்கூடம் எட்டாம் வகுப்போடு முடிந்துபோனதால், பகலெல்லாம் தி. நகர் சந்தில் காதர் பாயின் வீடியோ கேசட் கடையில்தான் கிடப்பேன். மதியங்களில் பாய் பின்னறையில் "டெக்"கைப் போடுவார். ஓட்டுக்கூரைகளின்மேல் ஓசையில்லாமல் மிதந்து போவாள் ஒரு சீனத்து நடிகை. பெயர் எங்கள் வாயில் நுழையாததால் "வாள்காரி" என்போம். கேசட்டுகள் கிடைத்தபடி வந்ததால், நரைத்த தலையோடு சீடர்களை அதட்டும் அவளுடைய கடைசிப் படத்தைத்தான் முதலில் பார்த்தோம். பிறகு வந்ததில் சத்திரம் நடத்தினாள். அதற்கும் பிறகு வந்ததில், ஆண்வேடமிட்டு அலையும் பதினெட்டு வயதுப் பெண். அவள் வாள்காரியின் மகள் என்று நானே முடிவுகட்டிக்கொண்டு, தாயும் மகளும் சந்திக்கும் கேசட் எப்போது வரும் என்று பாயை நச்சரித்தேன். அடுத்த வாரம், அடுத்த வாரம் என்று அவரும் சிரிக்காமல் சொல்லிவந்தார்.

அன்று அழுத முகத்தோடு கடையில் வந்து நின்ற என்னிடம் பாய் விவரம் கேட்டுக்கொண்டு, நரைத்தவளின் கேசட்டையும் அந்தப் பெண்ணின் கேசட்டையும் மாற்றி மாற்றிப் போட்டார்.

"ரெண்டும் ஒரே பொம்பளதான், நைனா. இருவது வருசமா வேலைய உடாம செஞ்சிக்கினு கீறா. மூஞ்சிய உடு, கையப் பாரு."

வாளை உறையில் செருகுமுன் மணிக்கட்டை ஒரு சுற்றுச் சுற்றிச் சுண்டுவிரலைத் தூக்கும் அந்தக் கை, இரண்டிலும் ஒன்றாகவே இருந்தது.

திரும்பி வந்தபோது அம்மா, பெட்டியைக்கூடப் பிரிக்காமல், குழம்பு கொதிக்கவைத்திருந்தாள். இரண்டு மாதத்தில் மறுபடி போகவேண்டும் என்று சித்தியிடம் சொல்லிக்கொண்டே, கரண்டியிலிருந்து ஒரு சொட்டை உள்ளங்கையில் விட்டு நக்கி, கையைப் பின்கழுத்தில் துடைத்துக்கொண்டாள். வேறு யாரும் அப்படித் துடைத்து நான் பார்த்ததில்லை.

"உப்பு போதுமாம்மா?" என்றேன்.

"நீயே பாரு," என்று திரும்பாமலே கையை நீட்டினாள்.

பிறகு எத்தனையோ ஊர், எத்தனையோ வேலை. பாயின் சந்தில் இப்போது செல்போன் உறை விற்கிறார்கள். வாள்காரியின் படங்கள் வெளிவந்த வரிசையிலேயே கைபேசியில் கிடைப்பதால், அவளை இரண்டு பேராக எண்ண இனி யாருக்கும் வழியில்லை. கழுத்தில் துடைத்த அம்மாவின் கையும் போய்விட்டது. ஆனால் அந்தப் பெட்டி மறுபடி விமானம் ஏறவில்லை. அம்மா வந்திறங்கிய மறுநாள் காலை, அவள் எழுவதற்கு முன்பே போய், பாத்திரக் கடையொன்றில் வேலைக்குச் சேர்ந்தேன்: பரண்மேல் நிற்பவர் ஒவ்வொன்றாக வீசும் குண்டான்களை, காற்றில் மிதந்து வரும்போதே, கீழே நின்று பிடிக்கிற வேலை.