டெக்சாஸ் சட்டம் படித்த மங்காஃப்காரர்

ஸ்ரீனிவாசனுக்கு வயது நாற்பத்தாறு. குவைத்துக்கு வந்து பதினாறு ஆண்டுகள் ஆகின்றன. மங்காஃப் பகுதியில், ஆறு மாடிக் கட்டடம் ஒன்றின் மூன்றாம் மாடியில், மனைவி தாமரையுடனும் மகள் சம்யுக்தாவுடனும் குடியிருக்கிறார். ஷுஐபா தொழிற்பகுதியில் ஓர் ஒப்பந்த நிறுவனத்தில் டாகுமெண்ட் கன்ட்ரோலர் வேலை. வரைபடமோ கடிதமோ, அலுவலகத்துக்குள் வரும் எந்தக் காகிதத்துக்கும் ஓர் எண் இட்டு, அது எத்தனையாவது திருத்தம் என்று குறித்து, யார் கேட்டாலும் ஐந்து நிமிடத்தில் எடுத்துக் கொடுப்பது அவர் பொறுப்பு. பதினாறு ஆண்டுகளில் ஒரு காகிதம்கூடத் தொலைந்ததில்லை. இதை அவரே சொல்வார். வீட்டில் இதைச் சொல்லி யாரும் பெருமைப்பட்டதில்லை என்பதையும் சேர்த்தே சொல்வார்.

அந்த வீட்டில் பெருமையாகப் பேசப்பட்டவர் வேறொருவர். தாமரையின் தங்கை கனகாவின் கணவர் சரவணகுமார், டெக்சாஸில் டாலஸுக்கு வடக்கே மென்பொருள் வேலை பார்க்கிறார். ஸ்ரீனிவாசனைவிட ஆறு வயது இளையவர். கோயம்புத்தூரில் இருக்கும் மாமனார் தொலைபேசியில் எந்தப் பேச்சைத் தொடங்கினாலும் மூன்றாவது நிமிடத்தில் “சின்ன மாப்பிள்ளை” வந்துவிடுவார். அவர் வாங்கிய வீடு, அதன் முன்னால் உள்ள புல்தரை, அதில் அவரே ஓட்டும் புல்வெட்டும் வண்டி என்று ஒவ்வொன்றுக்கும் ஸ்ரீனிவாசன் மனத்தில் ஒரு பதிவேடு இருந்தது. எந்தெந்தத் தேதியில் எந்தெந்தப் படம் குடும்ப வாட்ஸ்அப் குழுவுக்கு வந்தது என்பதை அவரால் குறிப்பு இல்லாமலே சொல்ல முடியும்.

அவருக்கு வாகன ஓட்டுநர் உரிமம்கூடக் கிடையாது. குவைத்தில் வெளிநாட்டவருக்கு அதைக் கொடுக்க ஊதியம், பட்டம், தங்கிய காலம் என்று பல நிபந்தனைகள் உண்டு. அவரிடம் எல்லாம் இருந்தன. ஆனால் குடியிருப்பு அனுமதியில் அவருடைய பணி “கிளார்க்” என்று பதிவாகியிருந்தது. இரண்டு முறை விண்ணப்பித்தார். இரண்டு முறையும் அந்த ஒரு சொல் தடுத்தது. நாற்பத்தாறு வயதிலும் கம்பெனி வேனுக்காகத் தெருமுனையில் நிற்கிறார்.

இந்த நிலையில்தான், ஒரு வெள்ளிக்கிழமை காலை இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, அந்தப் படம் வந்தது.

பேரங்காடி ஒன்றின் வாகன நிறுத்தத்தில் சரவணகுமார் நின்றுகொண்டிருந்தார். இடுப்பு வாரில் ஒரு தோலுறை. அதில் கறுப்பு நிறக் கைத்துப்பாக்கி. சட்டையால் மறைக்கக்கூட இல்லை. “இங்க இதெல்லாம் சகஜம்!” என்று கீழே எழுதியிருந்தார். மாமனார் உடனே பதில் போட்டிருந்தார்: “சிங்கம்!” அதன் கீழே வரிசையாகப் பன்னிரண்டு இதயங்கள்.

“ஏங்க, பாத்தீங்களா?” என்றாள் தாமரை.

“பாத்தேன். பொம்மையா இருக்கும்.”

“பொம்மைய எதுக்குங்க இடுப்புல கட்டிட்டு மளிகை வாங்கப் போறாரு?”

“அப்போ லைசென்ஸ் இருக்கணும். சும்மா கட்டிக்கிட்டுத் திரிய முடியாது.”

“இருக்குமுங்க. அவருக்கென்ன, எல்லாம் டக்குனு கெடைச்சுரும்.” சட்னியை ஊற்றிக்கொண்டே, எந்த உள்நோக்கமும் இல்லாமல் சேர்த்தாள்: “உங்களுக்குத்தான் கார் லைசென்ஸே கெடைக்கல.”

சம்யுக்தா எட்டிப் பார்த்தாள். “வாவ்! சித்தப்பா சோ கூல்! அப்பா, ஹேவ் யூ எவர் டச்டு எ கன்?”

ஸ்ரீனிவாசன் நான்காவது இட்லியைத் தட்டிலேயே விட்டு எழுந்தார்.

அன்று பிற்பகல் மடிக்கணினியில் ஒரு புதிய கோப்பைத் திறந்து, அலுவலக வழக்கப்படி எண்ணிட்டார். நோக்கம் ஒன்றே: சரவணகுமார் உரிமம் இல்லாமல்தான் துப்பாக்கி கட்டியிருக்கிறார் என்று நிறுவ வேண்டும்.

அமெரிக்காவில் ஒரு மாநிலத்தின் சட்டம் இன்னொரு மாநிலத்தில் இல்லை என்பது அவருக்கு முதல் செய்தி. ஓரிடத்தில் அனுமதிச் சீட்டு இல்லாமல் துப்பாக்கியுடன் வீட்டு வாசலைத் தாண்ட முடியாது. வேறோரிடத்தில் மறைத்துக் கொண்டுபோக அனுமதி வேண்டும், வெளியே தெரியக் கொண்டுபோக வேண்டாம். அவர் அட்டவணை போட்டார். டெக்சாஸ் வரிசைக்கு வந்ததும் கை நின்றது. அங்கே முன்பு உரிமம் கட்டாயம். வகுப்பு, சுடும் தேர்வு, கைரேகை எல்லாம் உண்டு. இரண்டாயிரத்து இருபத்தொன்றிலிருந்து, இருபத்தொரு வயது நிரம்பி, வேறு சட்டங்களால் தடுக்கப்படாத ஒருவருக்கு உரிமம் இல்லாமலே அனுமதி.

உரிமமே தேவையில்லை. உரிமம் பெறுவதில் ஒரு மனிதர் தோற்கலாம். தேவையே இல்லாத ஊரில் தோற்க வழியில்லை.

ஆனாலும் ஸ்ரீனிவாசன் விடவில்லை. வெளியே தெரியும் துப்பாக்கி உறையில் இருக்க வேண்டும் என்று விதி இருந்தது. படத்தைப் பெரிதாக்கினார், உறை இருந்தது. கடைக்காரர் அறிவிப்புப் பலகை வைத்துத் தடுக்கலாம், எழுத்து ஓர் அங்குல உயரத்துக்குக் குறையக் கூடாது என்றும் இருந்தது. சரவணகுமாரின் தோளுக்குப் பின்னால் தெரிந்த கடைக் கதவை, புள்ளிப் புள்ளியாகச் சிதறும்வரை பெரிதாக்கினார். அங்கே ஒட்டியிருந்தது தள்ளுவண்டிகளைத் திருப்பி வைக்கச் சொல்லும் தாள்.

ஒன்பதாம் நாள், மூன்றாவது திருத்தத்தைச் சரிபார்க்கும்போது, முதல் நாளே எழுதி வைத்த ஒரு தொடரை மறுபடி படித்தார்: “வேறு சட்டங்களால் தடுக்கப்படாத ஒருவர்.” யார் யார் தடுக்கப்பட்டவர்கள் என்று அவர் பார்க்கவே இல்லை. தொழிலில் இப்படி ஒரு பிழையை அவர் செய்ததில்லை. மாநிலச் சட்டத்தை விட்டு நாட்டுச் சட்டத்துக்குப் போனார். அங்கே இருந்தது. நிரந்தரக் குடியேற்றம் அல்லாத விசாவில் அந்நாட்டுக்குள் வந்த வெளிநாட்டவர் துப்பாக்கியோ ஒரு தோட்டாவோகூட வைத்திருக்கக் கூடாது.

சரவணகுமார் எச்-1பி விசாவில் இருப்பவர். பதினோரு ஆண்டுகளாக அதே விசா. கிரீன் கார்டுக்கான வரிசையில் இந்தியர்கள் நிற்கும் நீளம் ஊரறிந்தது. வீடும் புல்தரையும் வந்துவிட்டதால், அவர் இன்னும் வேலை விசாக்காரர் என்பதைக் குடும்பம் மறந்திருந்தது. அவரும் மறந்திருக்க வேண்டும்.

அன்று ஸ்ரீனிவாசன் அடைந்த மகிழ்ச்சியை அவர் பின்னாளில் என்னிடம் மறைக்கவில்லை. “சம்யுக்தா பொறந்த அன்னைக்குக்கூட அவ்வளவு இல்ல” என்றார். சொல்லிவிட்டு உடனே, “அதை எழுதிடாதீங்க” என்றார். பிறகு, “எழுதுங்க, உண்மைதானே” என்றார்.

மறுநாள் வேனில் பக்கத்து இருக்கையில் இருந்த ஹஸ்னைனிடம் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஹஸ்னைன் அதிராம்பட்டினத்துக்காரர், ஸ்டோர் பிரிவில் வேலை.

“அப்ப அவரும் கம்பெனி விசாதானா?”

“கம்பெனி விசாதான். வேலை போனா அறுபது நாள் டைம். அதுக்குள்ள வேற கம்பெனி கிடைக்கலைன்னா பொட்டியக் கட்ட வேண்டியதுதான்.”

ஹஸ்னைன் வாய்விட்டுச் சிரித்தார். “அட, அவருக்கும் நம்மள மாதிரி விசா கொடுக்குற கஃபீல் இருக்காருன்னு சொல்லுங்க! நாமளாச்சும் பேனாக் கத்திக்கே பயப்படுறோம். அவரு துப்பாக்கிய மாட்டிக்கிட்டு கஃபீல் ஊட்டு வாசல்ல நிக்கிறாரு.”

“அவருக்கே தெரியாது பாய்.”

“நீங்க சொல்லிட்டீங்களா?”

ஸ்ரீனிவாசன் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். “ஒரு விஷயம் பாக்கி இருக்கு.”

பாக்கி இருந்தது ஒரு விலக்கு. மாநிலம் வழங்கிய வேட்டை உரிமம் கையில் இருந்தால் அந்தத் தடை பொருந்தாது. அன்று மாலை குடும்பக் குழுவில், சாதாரண விசாரிப்பைப் போல, ஒரு கேள்வியைப் போட்டார்: “சரவணன், அங்கே வேட்டைக்கெல்லாம் போறதுண்டா?”

நான்கு நிமிடத்தில் பதில் வந்தது. “அண்ணா, நான் முட்டைகூடச் சாப்பிட மாட்டனுங்க. வேட்டையா!” கூடவே சிரிக்கும் முகங்கள் ஆறு. மாமனாரும் சிரித்திருந்தார். ஸ்ரீனிவாசன் முதல் முறையாக அந்தக் குழுவில் மனமாரச் சிரித்தார். கோப்பில் அந்த விலக்கின் எதிரே “பொருந்தாது” என்று குறித்தார்.

மறுவாரம் கனகா தொலைபேசியில் அழைத்தாள். அப்பாவின் எழுபதாவது பிறந்தநாளுக்குக் குடும்பத்தோடு கோயம்புத்தூர் வருகிறார்கள். அப்படியே சரவணகுமாருக்குச் சென்னை அமெரிக்கத் துணைத் தூதரகத்தில் விசா முத்திரை வேலையும் இருக்கிறது.

“இப்ப புது ரூல்ஸ் அக்கா. ஃபேஸ்புக், இன்ஸ்டா எல்லாம் எல்லாருக்கும் தெரியற மாதிரி தொறந்து வெக்கோணுமாம். அவரு தொறந்து வெச்சுட்டாரு. நமக்கென்ன மறைக்கறதுக்கு இருக்குது?”

ஒலிபெருக்கி வழியே கேட்டுக்கொண்டிருந்த ஸ்ரீனிவாசனுக்கு, எல்லாரும் காணும்படி திறந்து கிடந்த அந்தப் பக்கத்தில் என்ன இருக்கும் என்று தெரியும். அன்றே பார்த்தார். துப்பாக்கியுடன் ஏழு படங்கள், தேதி, இடம், முகம் எல்லாம் தெளிவாக. முத்திரை மறுக்கப்பட்டால் சரவணகுமார் திரும்பிப் போக முடியாது. வேலை, வீடு, இரட்டைப் பிள்ளைகளின் பள்ளி, எல்லாம் அந்த ஒரு முத்திரையின்மேல் நின்றன. நேர்காணலுக்கு இருபத்திரண்டு நாட்கள் இருந்தன.

அவர் அதை வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. பதினோரு நாட்கள் சொல்லவில்லை.

அந்த நாட்களில் அவர் இனிமையானவராக இருந்தார் என்று தாமரை சொல்கிறாள். மாமனார் சின்ன மாப்பிள்ளையைப் புகழ்ந்தால் கூடவே புகழ்ந்தார். சம்யுக்தாவுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்தார். வேனுக்காக நிற்கையில், தூதரகக் கண்ணாடிக்குப் பின்னால் ஓர் அதிகாரி கணினித் திரையைத் திருப்பி, “இது நீங்கள்தானே?” என்று கேட்கும் காட்சியைத் தமக்குள் ஓட்டிப் பார்த்தார். காட்சி ஒவ்வொரு நாளும் சற்று நீண்டது.

பன்னிரண்டாம் நாள்தான் அதில் ஒரு குறையைக் கண்டார். முத்திரை மறுக்கப்பட்டால் யாரும் சரவணகுமாரைக் குறை சொல்லப்போவதில்லை. பாவம், நல்ல பையன், அமெரிக்காக்காரன் அநியாயம் பண்ணிவிட்டான் என்பார்கள். மாமனார் கண் கலங்குவார். தாமரை பத்து நாள் அதையே பேசுவாள். புகழ் போன இடத்துக்கு இரக்கமும் போய்ச் சேரும். காரணத்தை முன்பே கண்டுபிடித்தவர் மங்காஃபில் ஒருவர் இருக்கிறார் என்பது எவருக்கும் தெரியாமலே போகும். பிறகு சொன்னாலோ, தெரிந்தும் சொல்லாத பாவி என்பார்கள்.

ஆகவே அவர் சொல்ல முடிவு செய்தார். குழுவில், நாற்பத்துமூன்று பேர் முன்னிலையில். முன்னுரை, சட்டப் பிரிவு, விலக்கு, படங்களின் பட்டியல், ஆலோசனை என்று ஐந்து பத்திகள். கடைசி வரி: “தங்கள் நலன் கருதியே இதை எழுத நேர்ந்தது.”

அனுப்பும் முன் எழுத்துப் பிழை பார்க்கத் தாமரையிடம் கைபேசியைக் கொடுத்தார். அவள் இரண்டு முறை படித்தாள்.

“இது நெசமாங்க?”

“ஒவ்வொரு வரிக்கும் ஆதாரம் இருக்கு.”

“எப்பத் தெரியும் உங்களுக்கு?”

அவர் கைபேசிக்காகக் கையை நீட்டினார். அவள் நாள் கணக்குப் பார்க்கவில்லை. அல்லது பார்த்துவிட்டு விட்டுவிட்டாள்.

“குரூப்ல போடாதீங்க. அதுல அவரு ஆபீஸ்லயே வேலை பாக்கற சொந்தக்காரங்க ரெண்டு பேரு இருக்கறாங்க, எங்க சித்தப்பா மகன் எங்க எதை அனுப்புவான்னு தெரியாது. அவருக்கு மட்டும் போன் பண்ணிச் சொல்லுங்க.”

“இதைக் கண்டுபிடிக்க நான் எவ்வளவு—”

“தெரியுமுங்க. போன் பண்ணுங்க.”

ஸ்ரீனிவாசன் முதலிலிருந்து இன்னொரு முறை படித்தார். அந்த ஐந்து பத்திகளைப் போல ஒன்றை அவர் வாழ்நாளில் எழுதியதில்லை. பிறகு அவற்றை அழித்துவிட்டு, எண்ணை அழுத்தினார்.

சரவணகுமார் முதலில் சிரித்தார். “அண்ணா, குவைத்ல உக்காந்துட்டு எங்க ஊரு சட்டம் சொல்றீங்களா? டெக்சாஸ்ல லைசென்ஸே வேண்டாமுங்க. எதுத்த வீட்டுக்காரரு ஊர் மாறிப் போறப்போ கொடுத்துட்டுப் போனாரு.”

“டெக்சாஸ் தடுக்கல. உங்க விசா தடுக்குது. பிரிவு சொல்றேன், எழுதிக்குங்க.”

பிரிவைச் சொன்னார். மறுமுனையில் தட்டச்சு ஓசை கேட்டது, பிறகு நின்றது.

“அண்ணா.” குரல் மாறியிருந்தது. “இதை யார்கிட்டயாவது சொல்லீட்டீங்களா?”

குடியிருப்பு அட்டையை மறந்துவிட்டுச் சோதனையில் மாட்டியவர்கள் பேசும் குரல் அது. ஸ்ரீனிவாசனுக்கு மிகவும் பழகிய குரல். அதைக் கேட்கத்தான் அத்தனை நாள் காத்திருந்தார். கேட்டதும் சீக்கிரம் பேச்சை முடித்துவிட வேண்டும் என்றிருந்தது.

“குடும்பத்துல தாமரைக்கு மட்டும் தெரியும். நீங்க ஒரு வக்கீலப் பாருங்க. இன்னைக்கே. அவர் சொல்றபடி பண்ணுங்க.”

“சரிங்கண்ணா. யாருக்கும் வேண்டாமுங்க. மாமாவுக்குத் தெரிஞ்சா கேவலம்.”

“சொல்ல மாட்டேன்.”

சொல்லவும் இல்லை. வழக்கறிஞர் சொன்னபடி எல்லாம் நடந்தது. துப்பாக்கி வீட்டை விட்டுப் போனது. நேர்காணலில் பல கேள்விகள் கேட்டார்கள், பத்து நாள் இழுத்தார்கள், முடிவில் முத்திரையோடு கடவுச்சீட்டு வந்தது. பிறந்தநாளுக்கு ஸ்ரீனிவாசனுக்கு லீவு கிடைக்கவில்லை. விழா நாளன்று காலை குழுவில் சரவணகுமாரின் செய்தி வந்தது.

“விசா வந்துருச்சு! இன்னொரு விஷயம். துப்பாக்கி இனி வேண்டாம்னு முடிவு பண்ணிட்டேன். பிள்ளைங்க இருக்கற வீடு. நல்லா யோசிச்சு எடுத்த முடிவு.”

மாமனார் ஒரு முழுப் பத்தி எழுதியிருந்தார். வைத்திருக்க உரிமை இருந்தும் வேண்டாம் என்று விடுவதற்கு எவ்வளவு பக்குவம் வேண்டும், இந்தக் காலத்துப் பிள்ளைகளில் இப்படி யார் இருக்கிறார்கள் என்று கேட்டிருந்தார். எல்லாரும் சின்ன மாப்பிள்ளையைப் பார்த்துக் கற்றுக்கொள்ள வேண்டும் என்று முடித்திருந்தார். இதயங்கள் முப்பத்தொன்று.

“அப்பா, சித்தப்பா இஸ் சோ மெச்சூர்” என்றாள் சம்யுக்தா.

ஸ்ரீனிவாசன் எதையோ தட்டச்சு செய்தார், அழித்தார். மறுபடி தட்டச்சு செய்தார், அழித்தார். முடிவில் உயர்த்திய கட்டைவிரல் ஒன்றை அனுப்பினார்.

தாமரை அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். மகள் எழுந்து போகும்வரை காத்திருந்து, தாழ்ந்த குரலில் சொன்னாள்:

“அவரு தப்பிச்சது உங்களாலதானுங்க. எனக்குத் தெரியுமல்ல.”

“உனக்கு மட்டும் தெரிஞ்சு என்ன பிரயோஜனம்?” என்றார் ஸ்ரீனிவாசன்.